புஜங்கா: பாம்பு புலவரான கதை

இந்தோனேசிய இலக்கியம் பற்றித் தமிழில் எழுதும்போது முதலில் இடறும் சொல் 'புஜங்கா'. 1933 ஜூலையில் பத்தாவியாவில் (இன்றைய ஜகார்த்தா) வெளிவரத் தொடங்கிய 'புஜங்கா பாரு' இதழின் பெயரில் இருப்பது இதுதான். சுத்தான் தக்டிர் அலிஷாபானா, அமீர் ஹம்சா, ஆர்மைன் பானே என்ற எழுத்தாளர்கள் மூவரும் தொடங்கிய இதழ் அது. சந்தாதாரர்கள் நூற்றைம்பதைத் தாண்டியதில்லை. ஆனாலும் ஒரு தலைமுறைக்கே அதன் பெயர்தான் நிலைத்தது.

மூலம் வடமொழி 'புஜங்க'. வளைந்து செல்வது, அதாவது பாம்பு. தோளைக் குறிக்கும் புஜமும் அதே வளைவிலிருந்து வந்ததுதான். தமிழில் இது 'புயங்கம்' ஆயிற்று. பாம்பை அணிந்த சிவனைத் திருவாசகத்தின் யாத்திரைப் பத்து 'புயங்கப் பெருமான்' என்கிறது. நம்மிடம் சொல் பாம்போடு நின்றுவிட்டது. சாவகத்திலோ (ஜாவாவில்) வேறு வழி பிடித்தது. பழஞ்சாவக மொழியில் சமயக் கல்வி உடையவர் 'புஜங்கா'. சைவர், பௌத்தர் இருவருக்கும் அது பொருந்தும். பாலியில் வைணவச் சார்புடைய பூசகர் மரபொன்று இன்றும் 'ரெசி புஜங்கா' எனப்படுகிறது. பின்னாளில் சாவக அரண்மனைகளில் அரசவைப் புலவரைக் குறித்தது. சுரகார்த்தாவின் ரங்கவர்சித்தாவை (1802–1873) அந்த வரிசையின் கடைசிப் புலவர் என்பார்கள்.

இதற்கிடையில் முதலெழுத்தும் மாறியது: வல்லொலி ப ('பல்'லில் வருவது), வடமொழியின் மெல்லொலி ('பாரதி'யில் வருவது) இருந்த இடத்தில் வந்தமர்ந்தது. இரண்டையும் தமிழ் எழுத்து ஒன்றாகவே காட்டுவதால் இந்த மாற்றம் நம் கண்ணில் படாது. 'பூஜை'யோடு முடிச்சுப் போடுவது தவறு. மணமாகாதவரைக் குறிக்கும் மலாய்ச் சொல் 'புஜாங்'கையும் இதோடு குழப்ப வேண்டாம்.

சரியான தமிழ் எது? 'கவிஞர்' போதாது. கவிஞருக்கு அவர்களிடம் 'பெஞாயிர்' என்று தனிச்சொல் உண்டு. அரபு வழிவந்த 'ஷாயிர்' என்னும் பாவகையிலிருந்து பிறந்தது. எழுத்தாளர் 'பெங்ஙாராங்'; 'காராங்' என்றால் தொடுத்தல், கோத்தல். இலக்கியவாதி 'சாஸ்த்ராவான்'. புஜங்காவில் கல்வி, கவிதை, பழைமையின் கனம் மூன்றும் உண்டு. புலம் என்றால் அறிவு. ஆகவே 'புலவர்' நெருங்கிய இணை. ரங்கவர்சித்தாவுக்கு 'அவைக்களப் புலவர்', இதழுக்குப் 'புதுப்புலவர்' என்று எழுதலாம். 'பாரு' என்றால் புதிய. அவர்கள் இலக்கணத்தில் அடை பின்னால் வரும், தமிழில் முன்னால் போக வேண்டும். 'புலவர்' இங்கே ஒரு பட்டமும் ஆகிவிட்டதால் முதல் இடத்தில் மட்டும் மூலச்சொல்லையும் சேர்த்துக் கொடுப்பது நல்லது.

'புதிய' என்ற அடையை விட்டுவிட்டால் தக்டிரே காணாமல் போய்விடுவார். 1908 பிப்ரவரி 11 அன்று சுமத்ராவின் நாத்தாலில் பிறந்தவர். 1930 முதல் அரசுப் பதிப்பகமான பாலாய் புஸ்தகாவில் (புத்தகம்தான் அந்தப் 'புஸ்தகா') வேலை பார்த்தவர். இந்தோனேசியா என்பது இருபதாம் நூற்றாண்டில் பிறந்த புதுப்பொருள், அதற்கு முந்தையதெல்லாம் 'இந்தோனேசியாவுக்கு முன்' என்று 1935இல் எழுதினார். மேற்கின் பகுத்தறிவையும் தனிமனித முயற்சியையும் கற்க வேண்டும் என்பது அவர் வாதம். எழுத்தாளர் சனூசி பானே மறுத்தார்; கோதேயின் ஃபௌஸ்டும் அர்ச்சுனனும், அதாவது மேற்கும் கிழக்கும், இணைய வேண்டும் என்றார். பழைமையை உதறச் சொன்னவரின் இதழே அரண்மனைச் சொல்லைத் தாங்கி வந்ததுதான் வேடிக்கை.

1942இல் ஜப்பானியர் வந்ததோடு இதழ் நின்றது. தக்டிர் ஓயவில்லை. ஜப்பானியர் அமைத்த மொழிக் குழுவில் இருந்து கலைச்சொல் ஆக்கத்தில் இறங்கினார். 1948இல் இதழை மறுபடி நடத்தினார். 1949இல் இந்தோனேசிய மொழிக்குப் புதிய இலக்கணம் எழுதினார். 1994இல் மறைந்தார்.

பெயர் எழுதுவதிலும் பிழை நேரும். பழைய டச்சு எழுத்துமுறைப்படி 'அலிஸ்ஜாபானா' என்று அச்சாகிறது. நடுவே வருவது 'ஷா' என்ற ஒலி. 'புஜங்கா'வைப் 'போயெட்ஜாங்கா' என்பதும் அதே வகைப் பிழை. அங்கே உகர ஒலியை இரண்டு எழுத்தால் எழுதும் வழக்கம் 1947இலும், ஜகரத்தை இரண்டு எழுத்தால் எழுதும் வழக்கம் 1972இலும் கைவிடப்பட்டன. 'சுத்தான்' மினாங்கபாவ் பட்டம். சுருக்கமாக அழைக்க வேண்டுமானால் 'தக்டிர்' என்றே எழுதுங்கள்.