தோட்டப்புற நகரில் கேமராவோடு இறங்குமுன்

மலேசியாவின் சுங்கை சிப்புட் போன்ற தோட்டப்புற நகரில் அன்றாட வாழ்க்கையைப் படம்பிடிக்க விரும்புவோர் கேமரா வாங்க அலைகிற அளவுக்கு அதன் அமைப்புகளைப் பழகுவதில்லை. ஒட்டுக்கடைக்காரர் எதிரே நின்றுகொண்டு பொத்தான்களைத் தடவினால் அவர் முகம் இறுகிவிடும். அப்புறம் கிடைப்பது ‘போஸ்’ மட்டுமே. அமைப்பு வேலை வீட்டிலேயே முடிந்திருக்க வேண்டும்.

காணொளியில் முதலில் கெடுவது விளக்கு வெளிச்சம். மலேசியாவில் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். ஆகவே குழல்விளக்கும் மலிவான எல்இடியும் நொடிக்கு 100 முறை மினுக்கும். கைப்பேசி பெரும்பாலும் நொடிக்கு 30 சட்டகத்தில் (ஃபிரேம்) இருக்கும். ஷட்டர், அதாவது ஒரு சட்டகத்துக்கு ஒளி விழும் நேரம், 1/60 நொடியில் நின்றால் முடிதிருத்தும் கடைச் சுவரில் கறுப்புப் பட்டைகள் ஊர்ந்துபோகும். எடிட்டிங்கில் இதை முழுதாகத் துடைக்க முடியாது. 25 சட்டகம், ஷட்டர் 1/50 என்று வையுங்கள்; ஒவ்வொரு சட்டகத்திலும் சரியாக இரண்டு மினுக்கல் அடங்கிவிடும். இரவுச் சந்தையில் பேட்டரியில் எரியும் எல்இடி இந்தக் கணக்குக்கும் அடங்காமல் போகலாம்; ஷட்டரைக் கொஞ்சம் கொஞ்சமாக மாற்றி, பட்டை மறையும் இடத்தில் நிறுத்துங்கள்.

அதே 1/50-ஐ உச்சிவெயிலில் வைத்தால் படம் வெளுத்துவிடும். ஐஎஸ்ஓ (ஒளியுணர்திறன்) 100, லென்ஸ் திறப்பு எஃப்/4 என்றால் ஐந்து ஸ்டாப் குறைக்க வேண்டும்; ஒரு ஸ்டாப் என்றால் ஒளி பாதியாகும். அதற்கு ஒளியை 32-இல் ஒரு பங்காக்கும் கறுப்புக் கண்ணாடி, என்டி32 ஃபில்டர். பிறகு நிறம் திருத்துவதற்காக மங்கலாகப் பதியும் லாக் முறையில் ஐஎஸ்ஓ 800-இலிருந்து தொடங்கும் கேமராவுக்கு என்டி256.

அடுத்தது நம் தோல் நிறம். வெள்ளை வேட்டி, வெளிறிய வானம், கறுத்த முகம் மூன்றும் ஒரே சட்டகத்தில் வந்தால் ஆட்டோ அளவீடு முகத்தைத்தான் பலிகொடுக்கும். ஒரு புள்ளியை மட்டும் அளக்கும் ஸ்பாட் அளவீட்டை முகத்தில் வைத்து, அது காட்டுவதிலிருந்து முக்கால் அல்லது ஒரு ஸ்டாப் குறையுங்கள்; இல்லாவிட்டால் அது கறுத்த முகத்தையும் நடுச்சாம்பல் அளவுக்கு வெளுப்பாக்கிவிடும். வானம் வெளுத்தால் வெளுக்கட்டும். கைப்பேசியின் ‘பியூட்டி’ முறையை அணைத்துவிடுங்கள். பால்மரம் வெட்டுகிற (ரப்பர் பால் எடுக்கிற) அம்மாவின் நிறத்தை மாற்ற நாம் யார்? செம்பனை நிழலில் முகம் பச்சையடிக்கும். சாம்பல் அட்டையை அந்த நிழலிலேயே பிடித்து ஒயிட் பேலன்ஸை (வெள்ளை வெள்ளையாகத் தெரியவைக்கும் நிறச் சமன்) அமைக்க வேண்டும்.

குளிரூட்டிய காரிலிருந்து இறங்கியதும் லென்ஸ் வியர்க்கும். காருக்குள்ளேயே கேமராவைக் காற்றுப்புகாத பையில் மூடி, வெளியே அரைமணி நேரம் அப்படியே விடுங்கள். அதற்குள் லென்ஸைக் கழற்றினால் ஈரம் சென்சாரில் படியும். வீட்டில் 40 முதல் 50 விழுக்காடு ஈரப்பதத்தில் உலர்பெட்டி. தோல் பைக்குள் மாதக்கணக்கில் கிடந்தால் பூஞ்சை வந்து லென்ஸின் மேற்பூச்சைத் தின்றுவிடும்.

தோட்டம் தனியார் நிலம். நிர்வாக அலுவலகத்தில் சொல்லாமல் லயத்துக்குள் (தொழிலாளர் வரிசை வீடுகள்) நுழையாதீர்கள். ‘கவாசான் லாராஙான்’ (தடைசெய்யப்பட்ட பகுதி) என்ற சிவப்புப் பலகை இருக்கும் இடத்தில் கேமராவை எடுக்கவே வேண்டாம். பாதுகாக்கப்பட்ட இடங்களுக்கு 1959-ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. பிள்ளைகளை எடுக்குமுன் பெற்றோரைக் கேளுங்கள், பெயர்ப்பட்டையும் பள்ளிச் சின்னமும் தெரியாமல் கோணம் பாருங்கள். பெரியவர்களிடம் ‘அண்ணே, ஒரு படம் எடுக்கலாமா?’ என்றால் போதும். எடுத்ததை வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டால் அடுத்தமுறை அவர்களே கூப்பிடுவார்கள். கள்ளுக்கடையில் மட்டும், தலையாட்டினாலும் அதைச் சம்மதமாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

கோப்புக்குப் பெயரிடும்போது நாள், இடம், தோட்டத்தின் பதிவுப்பெயர், தமிழர்கள் அழைக்கும் பெயர் நான்கும் இருக்கட்டும். தோட்டங்கள் வீடமைப்புப் பகுதிகளாக மாறிவருவதால், வழக்குப்பெயர் பல இடங்களில் முதியவர்களின் வாயில் மட்டுமே மிஞ்சியிருக்கிறது. படமெடுக்கும் அன்றே கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்.