விவாகரத்து வழக்கை வேறு ஊருக்கு மாற்றக் கேட்பது எப்படி?

கணவர் கோவை குடும்ப நல நீதிமன்றத்தில் விவாகரத்து மனு போட்டுவிட்டார். மனைவி நாலு வயதுக் குழந்தையோடு வேலூரில் அம்மா வீட்டில் இருக்கிறார். ஒவ்வொரு வாய்தாவுக்கும் காட்பாடியில் ரயிலேறி சுமார் 365 கி.மீ. போக வேண்டும். போய் இறங்கினால் ‘நீதிபதி இன்று லீவு’ என்று அடுத்த தேதி வாங்கித் திரும்பும் நாளும் உண்டு. இந்த நிலையில் இருப்பவர் வழக்கையே வேலூருக்கு மாற்றக் கேட்கலாம்.

முதலில், கோவையில் போட்டதே செல்லுமா என்று பாருங்கள். இந்து திருமணச் சட்டம் 19-வது பிரிவின்படி திருமணம் நடந்த ஊர், எதிர்த்தரப்பு வசிக்கும் ஊர், இருவரும் கடைசியாகச் சேர்ந்து வாழ்ந்த ஊர் ஆகியவற்றில் மனு போடலாம். மனைவி மனு போட்டால், தான் இப்போது வசிக்கும் ஊரிலும் போடலாம்; இது 2003-ல் வந்த திருத்தம். கோவை இந்தக் கணக்கில் வரவே இல்லையென்றால், அந்த ஆட்சேபணையைப் பதிலுரையிலேயே எழுப்ப வேண்டும். இடமாற்ற மனு வேறு விஷயம். வழக்கு சரியான ஊரில் இருந்தாலும் வசதிக்காக மாற்றக் கேட்பது அது.

ஒரே மாநிலத்துக்குள் என்றால் உயர் நீதிமன்றத்தில், உரிமையியல் நடைமுறைச் சட்டம் 24-வது பிரிவில் மனு. வேறு மாநிலத்துக்கு என்றால் உச்ச நீதிமன்றத்தில், 25-வது பிரிவில். கோவை வழக்கை பெங்களூருக்கு அனுப்ப சென்னை உயர் நீதிமன்றத்தால் முடியாது. ஆனால் புதுச்சேரி, காரைக்கால் நீதிமன்றங்களும் சென்னை உயர் நீதிமன்றத்தின் கீழ்தான் வருகின்றன. அங்கிருந்து தமிழ்நாட்டுக்கு மாற்ற டில்லி போக வேண்டியதில்லை.

மனுவோடு பிரமாணப் பத்திரம் வேண்டும். ‘போய்வர சிரமம்’ என்று ஒரு வரி எழுதினால் போதாது. குழந்தையின் வயது, பள்ளிச் சான்று, துணைக்கு வர ஆள் உண்டா, வருமானம், உடல்நலக் குறைவுக்கான மருத்துவச் சீட்டு, வேலூரில் இதே தம்பதிக்கிடையே ஜீவனாம்ச வழக்கு ஏதும் நடக்கிறதா, மிரட்டல் இருந்தால் போலீஸ் புகார் ரசீது என எல்லாவற்றையும் நகலோடு வையுங்கள். அங்கே ஏற்கெனவே ஒரு வழக்கு நடப்பது பெரிய பலம். கணவரும் அந்த ஊருக்கு வந்துகொண்டுதானே இருக்கிறார்? மனைவியின் வசதியைப் பார்ப்பதுதான் பொதுவான வழக்கம் என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. அதற்காக மனைவி கேட்டாலே கிடைத்துவிடும் என்று நினைக்க வேண்டாம். கணவர் படுத்த படுக்கையான பெற்றோரைக் காட்டலாம், பயணச் செலவைத் தருகிறேன் என்றும் சொல்லலாம். செலவை வாங்கிக்கொண்டு போய்வரச் சொல்லி மனு தள்ளுபடி ஆவதும் உண்டு.

பலர் சறுக்குவது இங்கேதான். உயர் நீதிமன்றத்தில் மனு போட்டாகிவிட்டது, இனி கோவைக்குப் போக வேண்டாம் என்று இருந்துவிடுகிறார்கள். மனு போட்டதால் மட்டும் கோவை வழக்கு நிற்காது. இடைக்காலத் தடை தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். அது கைக்கு வரும்வரை அங்கே வக்காலத்து போட்டு வக்கீலை ஆஜராக வைக்க வேண்டும். இல்லாவிட்டால் மூன்று முறை பெயர் சொல்லிக் கூப்பிட்டு, ஆளில்லை என்று ‘எக்ஸ்பார்ட்டி’ ஆக்கி, ஒருதலைத் தீர்ப்பும் வந்துவிடும். அதற்குப் பிறகு மாற்றுவதற்கு வழக்கே இருக்காது. தீர்ப்பை ரத்து செய்யக் கேட்க 30 நாள்தான் கெடு.

இன்னொரு தப்புக் கணக்கு: வேலூரில் நாமும் ஒரு விவாகரத்து மனு போட்டால் கணவரின் வழக்கு தானாக இங்கே வந்துவிடும் என்பது. இந்து திருமணச் சட்டம் 21-ஏ பிரிவு நேர் எதிராகச் சொல்கிறது. பிந்திப் போட்ட மனுதான் முந்திப் போட்ட மனு இருக்கும் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். ஆனாலும் உச்ச நீதிமன்றத்தின் இடமாற்ற அதிகாரத்தை அந்தப் பிரிவு பறிக்கவில்லை என்று 1981-லேயே தீர்ப்பு இருக்கிறது.

உரிமையியல் பக்கம் வாங்கிய உத்தரவு குற்றவியல் பக்கத்துக்கு ஒட்டாது. ஜீவனாம்ச மனு புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-வது பிரிவில் (பழைய சட்டத்தில் 125) நடந்தால், அதை மாற்ற உயர் நீதிமன்றத்தில் அதே சட்டத்தின் 447-வது பிரிவில் தனி மனு வேண்டும்.

செலவுக்குத் தயங்க வேண்டாம். 1987 சட்டப்பணிகள் ஆணையச் சட்டம் 12-வது பிரிவின்படி, பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. 15100 என்ற சட்ட உதவி எண்ணுக்குக் கூப்பிட்டு வழி கேட்கலாம்.

உத்தரவு கிடைத்ததும் சான்றிட்ட நகலை வாங்கி கோவை நீதிமன்றத்தில் கொடுங்கள். வழக்குக் கட்டு அங்கிருந்து கிளம்பி வேலூர் வந்து புது எண் ஏற வேண்டும். இதில் வாரக்கணக்கில் தாமதம் ஆகலாம். நீதிமன்ற வழக்கு விவரங்களைக் காட்டும் இ-கோர்ட்ஸ் தளத்தில், வழக்கின் அடையாள எண்ணான 16 இலக்க சிஎன்ஆர் எண்ணைப் போட்டுப் பார்த்து, புது எண்ணையும் முதல் வாய்தா தேதியையும் குறித்துக்கொள்ளுங்கள். வேலூரில் முதல் வாய்தாவைத் தவறவிட்டு அங்கேயும் எக்ஸ்பார்ட்டி ஆனவர்கள் உண்டு.