அடையாற்றின் வாயைத் திறந்து வைப்பது எது?

கோடையில் அடையாறு கடலைச் சேரும் இடத்தில் மணல் மேடிட்டு முகத்துவாரம் அடைபடுவதும், பொக்லைன் கொண்டு அதை வெட்டிவிடுவதும், சில வாரங்களில் மணல் மறுபடி மூடிக்கொள்வதும் சென்னையில் வாடிக்கையாகிவிட்டன. கடற்கரைப் பொறியியலில் பணிபுரியும் என்னிடம் ஆற்றோரம் குடியிருப்பவர்கள் பெரும்பாலும் கேட்பது, முகத்துவாரத்தை நன்றாக ஆழப்படுத்திவிட்டால் வெள்ளம் வராதல்லவா என்பதுதான். தூர்வாருவது வீண் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் அந்த மணல் எங்கிருந்து வருகிறது, அதை அகற்ற வேண்டிய நீர் எங்கே போயிற்று என்று பார்க்காமல் இதற்கு விடை சொல்ல முடியாது.

அடையாறு சுமார் 42 கி.மீ. நீளமே உள்ள சிற்றாறு. மலையில் பிறக்காத இந்த ஆறு, மணிமங்கலம், ஆதனூர் பகுதி ஏரிகளின் உபரி நீரால் உருவாகி, தாம்பரம், முடிச்சூர் வட்டார ஏரிகளின் கலங்கல் (ஏரி நிரம்பினால் உபரி நீர் வழியும் அமைப்பு) வழியாக வரும் நீரையும் திருநீர்மலைக்கு அருகே செம்பரம்பாக்கம் ஏரியின் உபரி நீரையும் வாங்கிக்கொண்டு, விமான நிலையத்தின் துணை ஓடுபாதைக்கு அடியில் புகுந்து, நந்தம்பாக்கம், சைதாப்பேட்டை, கோட்டூர்புரம் வழியாகச் சீனிவாசபுரத்துக்கும் ஊரூர்க் குப்பத்துக்கும் இடையே வங்கக் கடலில் கலக்கிறது. வடகிழக்குப் பருவமழையின் மூன்று மாதங்களை விட்டால் இதில் ஓடுவது பெரும்பாலும் கழிவுநீர்தான்.

தென்மேற்குப் பருவக்காற்று வீசும் மாதங்களில் அலைகள் கரையைத் தெற்கிலிருந்து சாய்வாக மோதி மணலை வடக்கு நோக்கித் தள்ளுகின்றன. வடகிழக்குப் பருவத்தில் திசை மாறினாலும், ஆண்டுக் கணக்கில் பார்த்தால் வடக்கே போகும் மணலே அதிகம். 1870களில் கட்டத் தொடங்கிய துறைமுகம் இந்த ஓட்டத்தை மறித்ததால்தான் அதன் தெற்கே மெரினா அகன்றது, வடக்கே ராயபுரம் பக்கம் கரை அரிக்கப்பட்டது. வழியில் எதிர்ப்படும் ஆற்றின் வாயையும் அதே மணல்தான் மூடுகிறது. மழைக்காலத்தில் பெருவெள்ளம் மணல்திட்டைத் தானே அரித்துத் தள்ளிவிடும். மற்ற மாதங்களில் அந்த வேலையைச் செய்வது கடல் ஓதம், அதாவது கடல் நீரின் ஏற்ற இறக்கம். நாளுக்கு இருமுறை உள்ளே ஏறி இருமுறை வடியும் அந்த நீரின் அளவு எவ்வளவு பெரிதோ, வாயை அரித்துத் திறந்து வைக்கும் விசையும் அவ்வளவு பெரிது. ஓத நீர் உள்ளே ஏறிப் பரவக் கழிமுகத்தில் இடம் இருந்தாக வேண்டும் என்பதே இதன் பொருள். அந்த இடத்தைத்தான் நாம் கட்டட இடிபாடு கொட்டியும் மேடாக்கி மனை போட்டும் குறைத்துவிட்டோம். கழிமுகத்தில் உள்ள குவிபில் தீவைச் சுற்றிய சிற்றோடையில் 58 ஏக்கரை மீட்டு 2011இல் தொல்காப்பியப் பூங்காவைத் திறந்ததைப் பலர் அழகுபடுத்தும் பணியாகவே பார்க்கிறார்கள். என் பார்வையில், ஓதம் புகுந்து வெளியேறும்படி மீட்கப்படும் ஒவ்வொரு ஏக்கரும் முகத்துவாரத்தைப் பராமரிக்கும் பணியே ஆகும்.

வெள்ளத்தைப் பொறுத்தவரை, முகத்துவாரத்துக்குச் செல்வாக்கு இருப்பது ஆற்றின் கீழ்ப்பகுதியில் மட்டுமே. 2015 டிசம்பர் 1 தொடங்கி 24 மணி நேரத்தில் தாம்பரத்தில் சுமார் 49 செ.மீ. மழை கொட்டியது; செம்பரம்பாக்கத்திலிருந்து நொடிக்கு 29,000 கனஅடி வரை திறந்துவிடப்பட்டது. அப்போது முடிச்சூர் மூழ்கியதற்கும் மணல்திட்டுக்கும் தொடர்பில்லை. அது ஏரிகளின் கலங்கலையும் வரத்துக் கால்வாய்களையும் பொறுத்த சிக்கல். கோட்டூர்புரம் போன்ற கீழ்ப்பகுதிகளில் நிலை வேறு. புயற்காற்றால் கடல் மட்டம் உயர்ந்திருக்கும் வேளையில் வெள்ளமும் வந்தால், வாய் திறந்திருந்தாலும் நீர் வடியத் தாமதமாகும்.

ஆற்றோரம் வீடு வாங்குபவர்கள் கரையிலிருந்து எத்தனை மீட்டர் தூரம் என்றுதான் விசாரிக்கிறார்கள். தூரத்தைவிட மனையின் உயரமே முக்கியம். கடல் மட்டத்திலிருந்து அது எத்தனை மீட்டர் என்று அளந்து, அப்பகுதியில் 2015 வெள்ளம் எட்டிய உயரத்தோடு ஒப்பிட வேண்டும். தெருவின் மழைநீர் வடிகால் ஆற்றில் எந்த மட்டத்தில் திறக்கிறது என்றும் பார்க்க வேண்டும், ஏனெனில் ஆறு அந்த மட்டத்தைத் தாண்டினால் கரை உடையாமலேயே வடிகால் வழியாக நீர் தெருவுக்கு ஏறும். பழைய கிராம வரைபடத்தில் அந்தப் புல எண்ணோ அடுத்த புல எண்ணோ ஏரி, ஓடை, வாய்க்கால் என்று குறிக்கப்பட்டிருக்கிறதா என்பதை முன்பணம் கொடுப்பதற்கு முன்பே பார்த்துவிட வேண்டும்.