நடுத்தீர்வை ஓவியம்: சொல்லும் பொருளும்

வத்திக்கானின் சிஸ்டைன் சிற்றாலயத்தில், பீடத்துக்குப் பின்னுள்ள சுவர் முழுவதும் மைக்கலாஞ்சலோ 1536 முதல் 1541 வரை தீட்டிய ‘இறுதித் தீர்ப்பு’ ஓவியத்தைத் தமிழில் சிலர் ‘உலக அழிவு’ என்று எழுதிவிடுகிறார்கள். அந்தச் சுவரில் எரியும் நகரமோ இடியும் மலையோ இல்லை. நடுவில் வலக்கையை உயர்த்திய கிறிஸ்து. ஒரு பக்கம் கல்லறையிலிருந்து எழுந்து மேலேறும் உடல்கள், மறுபக்கம் கீழே விழும் உடல்கள். எக்காளம் ஊதும் வானதூதர்களிடம் இரண்டு புத்தகங்கள் இருக்கின்றன. மீட்படைவோர் பெயருக்குச் சிறியது போதுமானதாக இருந்திருக்கிறது. தண்டனை பெறுவோருக்குத்தான் பெரியது. நடப்பது வழக்கு விசாரணையின் முடிவு.

இத்தாலியர் இதை ‘ஜுதீட்சியோ உனிவெர்சாலே’ என்கிறார்கள். முதற்சொல் தீர்ப்பு; அடுத்தது ‘எல்லாருக்கும் உரிய’. கத்தோலிக்கத் தமிழில் இதற்கு அச்சொட்டான சொல் ‘பொதுத்தீர்வை’. ஒருவர் இறந்தவுடன் அவருக்கு மட்டும் கிடைப்பது தனித்தீர்வை. உலக முடிவில் அனைவருக்கும் சேர்த்துக் கிடைப்பது பொதுத்தீர்வை. ‘இறுதித் தீர்ப்பு’, ‘கடைசி நியாயத்தீர்ப்பு’ என்பவையும் வழக்கில் உள்ளன, பிழையும் இல்லை.

எனினும் எனக்கு உகந்தது ‘நடுத்தீர்வை’. கிறிஸ்தவரின் நம்பிக்கை அறிக்கையான விசுவாசப் பிரமாணத்தின் பழைய வடிவில் கிறிஸ்து ‘நடுத்தீர்க்க வருவார்’ என்று வரும். இங்கே ‘நடு’ என்பது ஒரு பக்கமும் சாயாமை; வள்ளுவரின் ‘நடுவு நிலைமை’ அதிகாரத்தில் உள்ள அதே நடு. ‘சமன்செய்து சீர்தூக்கும் கோல்போல்’ என்று அவர் சொல்லும் துலாக்கோலும் இவ்வகை ஓவியங்களில் உண்டு. பிரான்சின் போன் நகர மருத்துவமனைக்காக ரோகியர் வான் டெர் வெய்டன் வரைந்த பீட ஓவியத்தில் மிக்கேல் தூதர் தராசு பிடித்து நிற்கிறார். பாவத்தின் தட்டு தாழ்கிறது. போலந்தின் கிடான்ஸ்கில் உள்ள ஹான்ஸ் மெம்லிங்கின் ஓவியத்திலும் மிக்கேல்தான் எடைபோடுகிறார். அங்கே தாழ்வது மீட்படைந்தவனின் தட்டு; பாவி எடை குறைந்து மேலே போகிறான். இந்த ஓவியங்களுக்கு ‘நடுத்தீர்வை’யைவிடப் பொருந்தும் சொல் எந்த ஐரோப்பிய மொழியிலாவது இருக்குமா என்பது சந்தேகம்தான்.

இனி ‘அப்போகலிப்ஸ்’ என்ற ஆங்கிலச் சொல். இன்று இதைக் கேட்டாலே பேரழிவு நினைவுக்கு வருகிறது. மூலமான கிரேக்கச் சொல் ‘அப்போகாலிப்சிஸ்’ தருவது திரைவிலக்கல் என்ற பொருளை மட்டுமே: ‘அப்போ’ என்றால் அகற்றி, ‘காலிப்தேயின்’ என்றால் மூடுதல். விவிலியத்தின் கடைசி நூல் இந்தச் சொல்லோடுதான் தொடங்குகிறது. அதில் வரும் பஞ்சமும் போரும் கொள்ளைநோயும் வாசகர் மனத்தில் ஒட்டிக்கொண்டதால், நூலின் பெயரே அழிவுக்குப் பெயராகிவிட்டது. ஆங்கிலத்தின் ‘டூம்’ என்ற சொல்லும் அப்படியே: முதலில் தீர்ப்பு, பிறகு கேடு.

தமிழ் மொழிபெயர்ப்பாளர்கள் இந்தச் சரிவில் சிக்கவில்லை. சீர்திருத்தச் சபையினரின் ‘வெளிப்படுத்தின விசேஷம்’, பல சபைகள் சேர்ந்து செய்த பொது மொழிபெயர்ப்பின் ‘திருவெளிப்பாடு’ இரண்டுமே கிரேக்கப் பொருளைக் காக்கின்றன. இதில் விசேஷம் என்பது செய்தி, ‘என்ன விசேஷம்?’ என்று இன்றும் கேட்கிறோமே, அதுதான். ஆகவே ஜெர்மன் ஓவியர் ஆல்பிரெக்ட் டியூரர் 1498இல் நியூரம்பர்கில் வெளியிட்ட 15 மரச்செதுக்குப் படங்களை ‘திருவெளிப்பாட்டுப் படங்கள்’ என்பதே முறை. புகழ்பெற்ற நான்கு குதிரைவீரர்கள் அந்தத் தொகுப்பில்தான் பாய்கிறார்கள். அவருடைய ஜெர்மன் பதிப்பின் தலைப்பும் யோவானின் மறைவான வெளிப்பாடு என்றே பொருள்படும்.

‘ஊழி’, ‘பிரளயம்’ ஆகியவற்றைத் தவிர்க்கலாம். ஊழி முடிந்தால் இன்னோர் ஊழி வரும். பிரளயத்துக்குப் பின் மீண்டும் படைப்பு நிகழும். கிறிஸ்தவ நம்பிக்கையில் நடுத்தீர்வை ஒரே ஒருமுறைதான்.

‘உலக முடிவு’ என்ற பெயர் மெய்யாகவே பொருந்தும் இடமும் உண்டு. இத்தாலியின் ஓர்வியேத்தோ பேராலயத்தில் லூக்கா சிஞோரெல்லி 1499இல் வேலையைத் தொடங்கிய சிற்றாலயத்தில், எதிர்க்கிறிஸ்து எனப்படும் போலி மீட்பரின் போதனை, இறந்தோர் எழுதல், நரகம், விண்ணகம் என்று சுவர்களில் பல காட்சிகள். நுழைவாயில் வளைவைச் சுற்றி மட்டும் கதிரவன் இருள்கிறது, கட்டடம் சரிகிறது, வானிலிருந்து நெருப்பு பாய, மக்கள் ஒருவர்மேல் ஒருவர் விழுகிறார்கள். அந்தப் பகுதியை இத்தாலியரும் ‘ஃபினிமோந்தோ’, அதாவது உலக முடிவு, என்றே அழைக்கிறார்கள்.