ரிமாண்டில் அந்த ஐந்து நிமிடம்

"பாத்ரூமில் வழுக்கி விழுந்துட்டேன் ஐயா."

ரிமாண்டுக்காக, அதாவது காவலில் வைக்கும் உத்தரவுக்காக, மாஜிஸ்திரேட் முன்னால் நின்ற பத்தொன்பது வயதுப் பையன் சொன்னான். வலது கையில் மாவுக்கட்டு. ஓரடி பின்னால், அவனைக் கூட்டி வந்த போலீஸ்காரர்கள். நான் அவனுடைய வக்கீல். அவனிடம் தனியாக இரண்டு வார்த்தை பேசக்கூட விடவில்லை.

கிரிமினல் வழக்கு நடத்தும் எங்களுக்கு இந்த வசனம் மனப்பாடம். 2019 ஜூலையில் சென்னை அரும்பாக்கத்தில் கல்லூரி மாணவர்கள் பஸ்சில் பட்டாக்கத்தியோடு மோதிக்கொண்டார்கள். கைதானவர்கள் கையில் கட்டோடு இருக்கும் படங்கள் வந்தபோது சொல்லப்பட்ட காரணமும் இதே வழுக்கல்தான். பலர் கைதட்டினார்கள். ரூட்டு தல (பஸ் ரூட்டில் மாணவர் கும்பலின் தலைவன்), ஏரியா கெத்து என்று பயணிகளை நடுங்க வைத்தவர்கள்மேல் வந்த அந்தக் கோபம் நியாயமானது.

என் கட்சிக்காரன்மேல் இருந்ததும் வெட்டு வழக்குதான். ஆனால் ஸ்டேஷனில் வாங்கிய ஒப்புதல் வாக்குமூலத்தோடு விசாரணை படுத்துவிட்டது. போலீசிடம் ஒப்புக்கொண்டதை வைத்துக் குற்றத்தை நிரூபிக்க முடியாது. 1872ஆம் ஆண்டின் சாட்சியச் சட்டத்திலிருந்தே அப்படித்தான். தெருமுனைக் கடையின் சிசிடிவி பதிவை யாரும் போய் வாங்கவில்லை. சாட்சிகள் பயந்து பிறழ்ந்தார்கள். விடுதலை. வெட்டுப்பட்ட பையனின் அம்மா கோர்ட் படியில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். ஜெயித்த வழக்கு என்று அதை இன்றுவரை என்னால் சொல்ல முடியவில்லை. என் கட்சிக்காரனோ மாவுக்கட்டுப் போட்டோவை ஸ்டேட்டஸில் வைத்திருந்தான். ஏரியாவில் அவன் மதிப்பு கூடியிருந்தது.

ரவுடியைத்தானே அடிக்கிறார்கள் என்று நாம் விட்டுக்கொடுத்த லத்தி, 2020 ஜூனில் சாத்தான்குளத்தில் செல்போன் கடை வைத்திருந்த ஜெயராஜ், பென்னிக்ஸ் என்ற அப்பா, மகன்மேல் விழுந்தது. ஊரடங்கு நேரத்தைத் தாண்டிக் கடை திறந்திருந்தது என்பதுதான் புகார். உடல்நிலை சரி என்று டாக்டர் சான்றிதழ் கொடுத்தார், ரிமாண்ட் ஆனது, கோவில்பட்டி கிளைச் சிறைக்குப் போனார்கள், அடுத்தடுத்து இறந்தார்கள். உண்மையைச் சொல்ல அதே ஸ்டேஷனின் பெண் தலைமைக் காவலர் ஒருவர் துணிந்தார். அவரை நினைத்தால் இப்போதும் நெஞ்சு நிறைகிறது.

கைதானவரை 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். அடித்தார்களா என்று மாஜிஸ்திரேட் தானாகவே கேட்க வேண்டும். உச்ச நீதிமன்றம் 1983இலேயே சொல்லிவிட்டது. வீட்டில் இருப்பவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: எத்தனை மணிக்குக் கூட்டிப்போனார்கள் என்று எழுதி வையுங்கள். ரிமாண்டுக்கு முன் வக்கீலை அனுப்புங்கள். காயம் இருந்தால் ஏ.ஆர். காப்பியில், அதாவது ஆஸ்பத்திரியின் காயப் பதிவேட்டு நகலில், ஏற வேண்டும், சிறைக்குள் போகும்போதும் பதிவாக வேண்டும். அப்புறம், ஸ்டேஷன் கேமரா பதிவை அழிக்காமல் வைக்கச் சொல்லி உடனே மனு போடுங்கள். 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் போட்ட உத்தரவுப்படி, பதிவு குறைந்தது ஓராண்டாவது இருக்க வேண்டும்.

நான் இப்போதெல்லாம் இன்னொன்றும் கேட்கிறேன்: கூட வந்த போலீஸ்காரர்களை வெளியே நிற்கச் சொல்லுங்கள் ஐயா. போன வருடம் ஒரு மாஜிஸ்திரேட் சரி என்றார். கதவு சாத்தப்பட்டது. "என்னப்பா ஆச்சு?" என்று கேட்டார். பையன் கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம் திரும்பி நின்று சட்டையைத் தூக்கினான்.