குராரே: சொல்லும் பொருளும், தமிழில் எழுதும் முறையும்

துப்பறியும் கதைகளை மொழிபெயர்ப்பவர்களும் மருத்துவ வரலாறு எழுதுபவர்களும் ஒருமுறையாவது முட்டிக்கொள்ளும் சொல் இது. கதையில் ஒருவர் கழுத்தில் சின்ன ஊசி தைத்துச் செத்துக் கிடப்பார். அதன் முனையில் தடவியிருந்தது குராரே என்று துப்பறிவாளர் கண்டுபிடிப்பார். இதைத் தமிழில் எழுத உட்கார்ந்தால் ‘அம்பு நஞ்சு’, ‘எட்டி நஞ்சு’, ‘மயக்க நஞ்சு’ என்று மூன்று சொற்கள் சட்டென்று கைக்கு வரும். மூன்றுமே பொருந்தாது. ஏன் என்று பார்ப்பதற்குள் குராரே என்றால் என்ன என்பதைச் சொல்லிவிட வேண்டும்.

தென் அமெரிக்காவின் அமேசான், ஒரினோகோ ஆற்றுக் காடுகளில் வாழும் பழங்குடிகள் வேட்டைக்காகச் செய்யும் நஞ்சு இது. சிலவகைக் கொடிகளின் பட்டையையும் வேரையும் நீரில் இறக்கிக் காய்ச்சினால் கடைசியில் கறுத்த, பிசுபிசுத்த குழம்பு கிடைக்கும். நீண்ட ஊதுகுழலில் வைத்து ஊதும் சிற்றம்புகளின் நுனியில் அதைப் பூசுவார்கள். உயரத்துக் கிளையில் இருக்கும் குரங்கோ பறவையோ அடிபட்டதும் ஓடிவிடாமல், கிளையைப் பிடித்துத் தொங்கிக்கொண்டும் இராமல், தளர்ந்து கீழே விழவேண்டும். அதற்குத்தான் இந்த நஞ்சு. இதன் வீரியத்தை அளக்க அவர்களிடம் அழகான கணக்கு ஒன்று உண்டு. அடிபட்ட குரங்கு ஒரு மரம் தாவுவதற்குள் விழுந்தால் அது ‘ஒருமரக் குராரே’, முதல்தரம். மூன்று மரம் தாவினால் ‘மும்மரக் குராரே’, நீர்த்துப்போனது.

பெயர் கரீபிய மொழிக் குடும்பத்திலிருந்து வந்தது. கயானாப் பகுதியின் மக்கூஷி மக்கள் ‘ஊராரி’ என்பது போல ஒலித்தார்கள். கேட்ட ஐரோப்பியர்கள் தத்தம் காதுக்குப் பட்டபடி ஊராலி, ஊராரா, குராரே என்று எழுதிக்கொண்டுபோனார்கள். ஸ்பானியம், போர்த்துகீசியம் வழியாக வந்த ‘குராரே’ கடைசியில் நிலைத்தது. ‘பறவையை வீழ்த்துவது’ என்று அந்தப் பெயருக்குப் பொருள் சொல்பவர்களும் உண்டு. பெயரைப் பிரித்துப் பொருள் சொல்லும் ஆசை எல்லா மொழிக்காரர்களுக்கும் இருக்கிறது, ஆகவே அதை ஓர் ஊகமாக மட்டும் வைத்துக்கொள்வது நல்லது.

ஐரோப்பாவில் இந்தச் சரக்கை அது வந்து சேர்ந்த பாத்திரத்தை வைத்துத்தான் பிரித்தார்கள். மூங்கில் குழாயில் அடைத்து வந்தது ஒன்று, சிறு மண்சட்டியில் வந்தது ஒன்று, சுரைக்குடுக்கையில் வந்தது இன்னொன்று. தமிழில் குழாய்க் குராரே, சட்டிக் குராரே, குடுக்கைக் குராரே என்று தாராளமாக எழுதலாம். பெட்டியைப் பார்த்துச் சரக்கைப் பிரிப்பது விளையாட்டாகத் தெரியலாம், ஆனால் அது பெரும்பாலும் சரியாகவே இருந்தது. குழாய்க் குராரேக்கு முக்கிய மூலம் காண்ட்ரோடென்ட்ரான் டோமென்டோசம் என்ற கொடி. குடுக்கைக் குராரேக்கு மூலம் ஸ்ட்ரிக்னோஸ் டாக்ஸிஃபெரா. இரண்டும் வேறு வேறு தாவரக் குடும்பங்கள்.

‘எட்டி நஞ்சு’ என்ற மொழிபெயர்ப்பு தடுக்கி விழுவது இங்கேதான். எட்டி மரமும் ஸ்ட்ரிக்னோஸ் பேரினம்தான், ஆகவே உறவு பொய்யில்லை. ஆனால் எட்டிக்கொட்டையின் ஸ்ட்ரிக்னின் உடம்பை வெட்டி இழுக்கும், முதுகை வில்லாய் வளைக்கும். குராரே உடம்பைத் துவளச் செய்யும். ஒன்று தசையை முறுக்கும், மற்றது தசையை அவிழ்த்துவிடும். நேரெதிர். அதே பேரினத்தில்தான் கலங்கல் நீரைத் தெளியவைக்கும் தேற்றாங்கொட்டையும் இருக்கிறது என்பதை நினைத்தால், பேரினத்தை வைத்துப் பெயரிடுவது எவ்வளவு தூரம் ஏமாற்றும் என்று தெரியும். குழாய்க் குராரேயோ எட்டிக்கு உறவே இல்லை. அது நம் சீந்திலும் கட்டுக்கொடியும் சேர்ந்த குடும்பம். அதே குடும்பத்தின் இன்னொரு கொடிக்குத் தமிழில் காக்கைக்கொல்லி என்று பெயர். ‘பறவையை வீழ்த்துவது’ என்ற ஊகத்தை மேலே படித்தபோது அந்தப் பெயர் நினைவுக்கு வந்திருந்தால் வியப்பில்லை. இரண்டு பெயர்களுக்கும் தொடர்பு கிடையாது, கேட்கச் சுவையாக இருக்கிறது, அவ்வளவுதான்.

அடுத்தது ‘மயக்க நஞ்சு’. மூன்றில் இதுதான் பெரிய பிழை, இதற்குக் கொஞ்சம் விரிவாகப் போகவேண்டும்.

பிரான்ஸின் உடலியல் அறிஞர் கிளோட் பெர்னார் 1850களில் குராரேயை வைத்துத் தவளைகளில் தொடர்ந்து சோதனை செய்தார். அதில் ஒன்றைக் கிட்டப் போய்ப் பார்க்கலாம். தவளையின் ஒரு பின்னங்காலுக்குப் போகும் இரத்த ஓட்டத்தை மட்டும் கட்டி நிறுத்தினார். நரம்பை அப்படியே விட்டார். பிறகு உடம்பில் நஞ்சைச் செலுத்தினார். கட்டிய காலுக்குள் நஞ்சு போக வழியில்லை. தவளை துவண்டு கிடந்தது. இப்போது துவண்ட பகுதியின் தோலைக் கிள்ளினார். அந்த இடம் அசையவில்லை, ஆனால் நஞ்சு போகாத அந்த ஒற்றைக் கால் வெடுக்கென்று உதைத்தது. கிள்ளியது உறைத்திருக்கிறது, செய்தி உள்ளே போயிருக்கிறது, பதிலும் கிளம்பியிருக்கிறது. மற்ற இடங்களில் அந்தப் பதிலைத் தசை கேட்கவில்லை, அவ்வளவே. நரம்பும் கெடவில்லை, தசையும் கெடவில்லை, இரண்டும் சந்திக்கும் இடம் அடைபட்டிருக்கிறது என்ற முடிவுக்கு இத்தகைய சோதனைகள் வழிவிட்டன. நரம்பு முனையிலிருந்து தசைக்குச் செய்தி கொண்டுவரும் அசிட்டைல்கோலின் என்ற வேதிப்பொருள் போய் உட்காரவேண்டிய இடத்தைக் குராரே முன்கூட்டியே பிடித்துக்கொள்கிறது என்று இன்று சொல்கிறோம்.

இமை முதலில் தொங்கும். முகம், கழுத்து, கைகால் என்று தளர்ந்துகொண்டே போய்க் கடைசியில் உதரவிதானம் நிற்கும். இதயம் அப்போதும் துடித்துக்கொண்டிருக்கும். சாவு மூச்சடைத்துத்தான் வருகிறது. அப்படியானால் மூச்சைக் கொடுத்துக்கொண்டே இருந்தால்? 1814இல் ஆங்கில இயற்கையியலாளர் சார்ல்ஸ் வாட்டர்டன் கயானாவிலிருந்து கொண்டுவந்த நஞ்சை லண்டனில் ஒரு பெண்கழுதைக்குச் செலுத்தினார்கள். அது செத்ததுபோல விழுந்ததும் மூச்சுக்குழலில் துளையிட்டு, துருத்தி வைத்து மணிக்கணக்காகக் காற்றை ஊதினார்கள். நஞ்சின் வேகம் தணிந்ததும் கழுதை எழுந்து நின்றது. நஞ்சின் பெயரையே சூட்டி ‘ஊராலியா’ என்று அழைத்தார்கள், பின்னும் சுமார் 25 ஆண்டுகள் வாழ்ந்தது.

இத்தனைக்கும் நினைவு தப்புவதே இல்லை. 1947இல் ஸ்காட் ஸ்மித் என்ற அமெரிக்க மருத்துவர், குராரேயிலிருந்து பிரித்த டியூபோகுராரினைத் தன் உடம்பிலேயே செலுத்திக்கொண்டார். செயற்கையாக மூச்சுக் கொடுத்தபடி அவரை முழுக்கத் தளர்த்தினார்கள். ஒரு விரலைக்கூட அசைக்க முடியாத நிலையிலும் அவருக்கு எல்லாம் கேட்டது, எல்லாம் உறைத்தது, பிறகு எல்லாவற்றையும் விவரமாகச் சொன்னார். அப்புறமும் இதை மயக்க நஞ்சு என்று எழுதினால் கொடுமையின் முக்கியப் பகுதியே விடுபட்டுப்போகிறது. குராரே மயக்குவதில்லை, விழித்திருப்பவரை உடம்புக்குள் பூட்டுகிறது.

இந்தக் குழப்பத்துக்கு அறுவை அரங்கமும் ஒரு காரணம். 1942 ஜனவரி 23 அன்று கனடாவின் மான்ட்ரியாலில் ஹெரால்ட் கிரிஃபித், ஈனிட் ஜான்சன் என்ற இரு மருத்துவர்கள் மயக்கத்தில் இருந்த நோயாளிக்குத் தூய்மைப்படுத்திய குராரேயைக் கொடுத்துப் பார்த்தார்கள். அதற்கு முன்பெல்லாம் வயிற்றுத் தசை தளர வேண்டுமென்றால் ஆளை மிக ஆழமாக மயக்க வேண்டியிருந்தது, அது ஆபத்து. குராரே வந்த பிறகு லேசான மயக்கமே போதுமானதாயிற்று. மயக்க மருந்தோடு சேர்ந்தே பேசப்பட்டதால் இதையும் மயக்க மருந்து என்றே பலர் நினைத்துக்கொண்டார்கள். மருத்துவத்தில் இதற்குச் சரியான வகைப்பெயர் தசைத் தளர்த்தி.

‘அம்பு நஞ்சு’ பிழை அல்ல, போதாது. உலகில் அம்பில் தடவிய நஞ்சுகள் பல. ஆப்பிரிக்காவின் ஊவாபைன், ஸ்ட்ரோஃபாந்தஸ் வகைகள் இதயத்தைத் தாக்குபவை. இமயமலைப் பக்கம் நாபிக் கிழங்கு. கொலம்பியாவில் தவளைத் தோலின் நஞ்சு. இவை எல்லாமே அம்பு நஞ்சுதான். இன்னும் சொன்னால், இன்று எல்லா நச்சுக்கும் வழங்கும் ‘டாக்ஸின்’ என்ற சொல்லே வில்லைக் குறிக்கும் ‘டாக்ஸன்’ என்ற கிரேக்கச் சொல்லடியாக, அம்பில் பூசும் மருந்து என்ற பொருளில் பிறந்ததுதான்.

தமிழ் நஞ்சு பெரும்பாலும் உண்ணும் நஞ்சு. நஞ்சுண்ட கண்டன் தொடங்கி நம் வழக்கு முழுக்க அது வாய் வழியாகத்தான் போகிறது. குராரே குடலில் எளிதில் ஏறாது. 1800இல் ஒரினோகோ கரையில் இது காய்ச்சப்படுவதை ஜெர்மானிய ஆய்வுப் பயணி ஹம்போல்ட் பார்த்தபோது, காய்ச்சுபவர்கள் பதம் பார்க்க அதை நாக்கில் வைத்துக் கசப்பைச் சோதித்தார்கள். இரத்தத்தில் கலந்தால்தான் வேலை. வேட்டையாடிய இறைச்சியைச் சமைத்துச் சாப்பிட முடிவது அதனால்தான். எனவே மொழிபெயர்ப்பில் ஒரு பாத்திரம் ‘குராரேயைப் பாலில் கலந்து கொடுத்தான்’ என்று வந்தால், பிழை மூலத்திலேயே இருக்கிறதா என்று ஒருமுறை பாருங்கள்.

சரி, என்னதான் எழுதுவது? குராரே என்றே எழுதுவதுதான் என் முடிவு. பொருளுக்குரிய மக்களின் மொழியிலிருந்து வந்த பெயர், தமிழ் ஒலிக்கும் இடைஞ்சல் இல்லை. ஆங்கில உச்சரிப்பைப் பின்பற்றிய ‘கியூராரி’ வேண்டியதில்லை. முதல்முறை வரும் இடத்தில் ‘குராரே என்னும் கொடிநஞ்சு’ என்று சேர்த்துக்கொள்ளலாம். சிலர் அதைக் ‘கொடுநஞ்சு’ என்று படித்துவிடுவார்கள், பாதகமில்லை. ‘தளர்நஞ்சு’ என்று ஒரு வினைத்தொகை செய்து பார்த்தால் நஞ்சே தளர்ந்துபோனதுபோல ஒலிக்கிறது, வேண்டாம். வேற்றுமை சேர்க்கும்போது குராரேயை, குராரேவை இரண்டும் சரி. ‘ஏமுன் இவ்விருமையும்’ என்று நன்னூல் இடம் கொடுத்திருக்கிறது.

இன்று அறுவை அரங்கில் மூலக் குராரே கிடையாது, அதன் வழிவந்த செயற்கை மருந்துகள்தான். ஆனால் பெயரில் வேர் தெரியும்: பான்குரோனியம், வெக்குரோனியம், ரோக்குரோனியம் ஆகியவற்றின் நடுவில் உள்ள ‘குர்’ குராரேதான். அட்ராகியூரியத்தின் ‘கியூரியம்’ கூட அதே வழிதான். தனிமம் எண் 96ஆன கியூரியம் வேறு. அது கியூரி தம்பதியின் பெயர்.