கெமோமில் என்றால் சீமைச் சாமந்தி

லண்டனிலிருந்து வந்த தம்பி ஒரு டப்பா நிறைய காய்ந்த பூ கொண்டுவந்தான், டீ போடுவதற்காம். காரைக்குடி வீட்டு வளவில் உட்கார்ந்திருந்த அப்பத்தா ரெண்டு பூவை உள்ளங்கையில் கசக்கி மோந்து பார்த்துவிட்டு, "பாத்தா சாமந்தி, வாசம் மட்டும் வேறல்ல இருக்கு" என்றார்.

அந்த வேற வாசத்தில்தான் கெமோமில் என்ற பெயரே பிறந்திருக்கிறது. கிரேக்கத்தில் 'கமாய்' என்றால் தரையில், 'மேலோன்' என்றால் ஆப்பிள். பூவைக் கசக்கினால் ஆப்பிள் மணம் வரும், செடியோ தரையை ஒட்டி வளரும், அதனால் அப்படி. ஸ்பானியர்கள் 'மன்சனில்லா' என்பார்கள், குட்டி ஆப்பிள். இதைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்து 'நில ஆப்பிள்' என்று எழுதத் தோன்றும், எழுதாதீர்கள், பிரெஞ்சுக்காரர்கள் உருளைக்கிழங்கைத்தான் மண் ஆப்பிள் என்கிறார்கள்! ஆங்கில எழுத்தைப் பார்த்து 'சாமோமில்' என்பதும் தப்பு, முதல் ஒலி 'க'.

டீக்கு அதிகம் புழங்குவது மெட்ரிகேரியா கெமோமில்லா. ஐரோப்பாவில் வயலோரக் களை மாதிரி முளைத்து, ஒரே பருவத்தில் பூத்துக் காய்ந்துவிடும், நம் சூரியகாந்தியின் குடும்பம்தான். நடுவில் இருக்கும் மஞ்சள் மேட்டை பிளேடால் நெடுக்கே கீறினால் உள்ளே பொள்ளலாக இருக்கும். ரோமன் கெமோமில் என்று இன்னொன்று உண்டு, அது பல வருஷம் வாழும், மேடும் கெட்டியாக இருக்கும்.

சரி, தமிழில்? 'சீமைச் சாமந்தி' என்று ஏற்கெனவே பெயர் இருக்கிறது. 'சீமை' வடமொழி 'சீமா'விலிருந்து வந்தது, எல்லை என்று பொருள். எல்லை அப்புறம் எல்லைக்குள் இருக்கும் நாடாயிற்று, அதனால் நாங்கள் சிவகங்கைச் சீமைக்காரர்கள். அதே சொல் கடல்தாண்டி இருக்கும் நாட்டுக்கும் ஆகிவந்து, மண்ணெண்ணெய் சீமெண்ணெய் ஆனது, கண்மாயெல்லாம் படர்ந்து கிடக்கும் அமெரிக்க முள்மரம் சீமைக்கருவேலம் ஆனது. சூட்சுமம் ஒன்றுதான்: ஊர்ப்பேருக்குப் பின்னால் வந்தால் நம் மண், பொருளின் பேருக்கு முன்னால் வந்தால் கப்பலில் வந்த சரக்கு. பர்மாவுக்கும் மலாயாவுக்கும் கப்பலேறிப் போய்வந்த ஊர்க்காரர்களுக்கு இதைத் தனியாகச் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை.

வடசொல் வேண்டாம் என்று 'அயல் செவ்வந்தி' மாதிரி ஒன்றைப் புதிதாகக் கட்டலாம்தான். ஆனால் செவ்வந்தி என்றதும் காதில் சிவப்பு விழுகிறது, இதன் இதழோ வெள்ளை. தவிர, 'சீமை' நம் வாயில் உருண்டு உருண்டு நம்முடையதாகவே ஆகிவிட்டது, எனக்கு அதை விட மனசில்லை.

அப்பத்தா டீயை ரெண்டு மடக்கு குடித்துவிட்டு, "கருப்பட்டி போட்டிருக்கலாம்" என்று தம்ளரை வைத்துவிட்டார். தம்பி மிச்சப் பூவை எவர்சில்வர் டப்பாவில் கொட்டி 'சீமை சாமந்தி' என்று எழுதி ஒட்டினான். நடுவில் 'ச்' இல்லை, அவன் அந்தப்பக்கம் போனதும் பேனா எடுத்து நான் போட்டுவைத்தேன்.